வாயிற்காவலன் சொன்ன சேதி

பேசும் படம் காட்டுவதற்கென்று கொட்டகைக்காரர் தணிகாசலம் முதலியார் பம்பாயிலிருந்து தருவித்த பெரிய ஒலிக்குழாய் பட்டணத்துச் சூளைப் பேட்டைக்கு வந்து இறங்கிய வாரத்தில், அதை வெள்ளைத் திரைக்குப் பின்னால் மூங்கில் கட்டி நிறுத்தியிருந்தார்களே தவிர அதற்கு ஒரு ஒயர்கூட இன்னும் இழுத்திருக்கவில்லை, அந்த வாரத்துச் செவ்வாய்க்கிழமை சாயங்கால ஆட்டத்தில், பழைய ஊமைப் படம் ஒன்று ஓடிக்கொண்டிருந்தபோது, கதாயுதத்தைத் தூக்கிக்கொண்டு வந்த அரக்கர்களில் மூன்றாவதாக நின்றவன் வாயைத் திறந்து, கத்தரிக்காய் எல்லாம் ஒரே புழு, அதைப் போய் நல்ல காய் என்று தலையில் கட்டிவிட்டானே அந்தக் கடைக்காரப் பாவி, என்று கொட்டகை முழுக்கக் கேட்கும்படி சொன்னான்.

ஜனங்கள் கைதட்டினார்கள். டாக்கி வருகிறது வருகிறது என்று தண்டோரா போட்டுவிட்டுச் சொல்லாமல் கொள்ளாமல் இன்றைக்கே ஆரம்பித்துவிட்டார் முதலியார் என்று, மில்லில் வேலை முடிந்து வந்து மணலில் உட்கார்ந்திருந்தவர்கள் நினைத்துக்கொண்டார்கள். ஆனால் அடுத்து வந்த ராஜகுமாரி வாயைத் திறந்து திறந்து மூடினாளே ஒழிய ஒரு சத்தமும் வரவில்லை. முனிவர் சாபம் கொடுத்தார், சத்தம் இல்லை. குதிரை ஓடியது, குளம்புச் சத்தம் இல்லை. மறுபடியும் அந்த மூன்றாவது அரக்கன் வந்தபோதுதான், இடுப்புக் கச்சை அரிக்கிறது, இதைத் துவைத்து எத்தனை காலமாயிற்றோ, என்று அதே குரல் கேட்டது. படத்தில் எழுத்து வரும்போதெல்லாம் அதை உரக்கப் படித்து, படிக்கத் தெரியாதவர்களுக்குக் கதை சொல்வதையே உத்தியோகமாக வைத்திருந்த அருளப்பன், திரைக்குப் பக்கத்தில் நின்றபடி பிரம்பைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு காதைத் தீட்டிக் கேட்டான். கேட்டுவிட்டு, "அட, இது நம்ம வேதகிரி குரலு" என்றான். அதோடு சரி. அடுத்த எழுத்து வந்ததும் அவன் பாட்டுக்குப் படிக்க ஆரம்பித்துவிட்டான், ஜனங்களும் அவர்கள் பாட்டுக்குக் கடலை உரித்துக்கொண்டு படம் பார்த்தார்கள்.

வேதகிரி கொட்டகைக்குப் பின்புறத்துச் சந்தில், பெண்டாட்டி பவுனம்மாளோடு குடியிருந்தான். ஊமைப் படம் எடுத்த கம்பெனிகள் பட்டணத்தில் இருந்த காலம் முழுக்க அவன் முகம் இல்லாத படம் கிடையாது, அவன் பேர் போட்ட படமும் கிடையாது. ஆள் வாட்டசாட்டம் என்பதால் கூட்டத்தில் அரக்கன், அரண்மனையில் காவல்காரன், சண்டையில் முதல் அடி வாங்கிச் சாய்கிறவன். டாக்கி வந்தது, பாட்டுப் பாட வேண்டும், வசனம் பேச வேண்டும் என்றார்கள், நாடகக்காரர்கள் திமுதிமுவென்று வந்து இடத்தைப் பிடித்துக்கொண்டார்கள், அவன் விறகுத் தொட்டியில் கோடாலி பிடிக்கப் போய்விட்டான். அவன் பேசி யாரும் அதிகம் கேட்டதில்லை. வாயில் கொழுக்கட்டையா என்று கேட்டால் அதற்கும் ஒரு தலையாட்டல்தான் பதிலாக வரும்.

அந்தக் காலத்துப் படக் கம்பெனிகளில் ஒரு வழக்கம் இருந்தது. வாயை மூடிக்கொண்டு நின்றால் படத்தில் பொம்மை மாதிரி தெரியும், அதனால் எதையாவது பேசிக்கொண்டே நடியுங்கள், எதைப் பேசினால் என்ன, யார் கேட்கப்போகிறார்கள், என்று டைரக்டர் சொல்லிவிடுவார். ராஜா வேஷக்காரர் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணிக்கொண்டே செங்கோலை நீட்டுவார். ராணியாக வந்த ஆங்கிலோ இந்தியச் சட்டைக்காரப் பெண் இங்கிலீஷில் எதையோ முணுமுணுத்துக்கொண்டே கண்ணீர் விடுவாள். வேதகிரி மட்டும் பேசினான். காமிராவுக்கு ஒற்றைக் கண்தான் உண்டு, காது கிடையாது என்று கண்டுகொண்டவன், வீட்டில் வாய் வராததை, தெருவில் மென்று முழுங்கியதை, நெஞ்சுக்குள் கிடந்து அழுகியதையெல்லாம் ஈட்டியும் கையுமாக அதன் முன்னால் நின்று கொட்டித் தீர்த்தான். மற்றவர்கள் சத்தம் கேட்காமல் அவன் சத்தம் மட்டும் ஏன் கேட்கிறது என்று யாரோ கேட்டதற்கு அருளப்பன், "மத்தவங்க வாயை ஆட்டினாங்க, இவன் பேசினான்" என்றான். சூளைக்கு அது போதுமானதாக இருந்தது, அதற்குமேல் ஒருத்தரும் துருவவில்லை.

பவுனம்மாளுக்குச் சேதி மறுநாள் காலையில் தெருக்குழாயடியில் வந்து சேர்ந்தது. குழாயடியில் அவள் எப்போதும் கடைசிதான். முன்னால் வந்து நின்றாலும், பின்னால் வருகிற ஒவ்வொருத்திக்கும் நீ பிடி, நீ பிடி என்று இடம் விட்டுவிட்டு, தண்ணீர் நூலாக இளைத்துப்போன பிறகுதான் தன் குடத்தை வைப்பாள். ஒரு காலத்தில் அந்தக் குழாயடியையே ஆட்டிவைத்த வாய்க்காரி, குழந்தை போனதிலிருந்து இப்படி ஆகிவிட்டாள் என்று தெருவில் பேசிக்கொள்வார்கள். ஏன் என்று அவளிடம் கேட்டவர்கள் இல்லை. உன் வீட்டுக்காரர் படத்தில் கத்தரிக்காயைப் பற்றிப் பேசினாரடி என்று பெண்கள் சிரித்துக்கொண்டு சொன்னபோது அவளும் சும்மா சிரித்தாள். வீட்டுக்கு வந்து அவனுக்குக் கஞ்சி ஊற்றினாள். அவன் குடித்தான். அவர்களுக்குள் பேச்சு என்று இருந்தது அவ்வளவுதான்.

ஊர் அதைப் பழகிக்கொண்ட விதம்தான் பெரிய கதை. வாரக் கடைசியில் டாக்கி, மற்ற நாட்களில் பழைய ஊமைப் படம் என்று முதலியார் ஏற்பாடு செய்திருந்தார். டாக்கிக்குக் கூட்டம் குறைந்து ஊமைப் படத்துக்குக் கூட்டம் நெருக்கியடித்தது. வேதகிரி திரையில் தலையைக் காட்டியதும் அருளப்பன் மரியாதையாக நிறுத்திக்கொள்வான், அழுகிற பிள்ளையின் வாயைத் தாய் பொத்துவாள், ராஜாவும் ராணியும் கட்டிப்பிடித்துக்கொண்டிருக்க, பின்னால் ஈட்டி பிடித்து நிற்கிறவன் கூரையில் ஓடு மாற்ற வேண்டும் என்பதையும், மழை வந்தால் என்ன செய்வது என்பதையும் சொல்வதைச் சனம் உருகி உருகிக் கேட்கும். ஒரு படத்தில் அவன் மந்திரிக்குப் பின்னால் நின்று வெள்ளைக்காரத் துரைகளை வாய்க்கு வந்தபடி பேசிவிட்டான் என்று யாரோ போட்டுக்கொடுக்க, போலீஸ்காரர் ஒருவர் வந்து பெஞ்சியில் உட்கார்ந்து முழுப் படத்தையும் பார்த்தார். படத்தின் சர்ட்டிபிகேட்டில் இது ஊமைப் படம் என்று சர்க்கார் முத்திரை குத்தியிருந்தது. சர்க்காரே ஊமை என்று சொன்னதைத் தன் காதில் கேட்டது என்று போய்ச் சொன்னால் தன் பிழைப்பு என்ன ஆகும் என்று யோசித்துப் பார்த்துவிட்டு, ஒரு சோடா குடித்துவிட்டு எழுந்து போய்விட்டார்.

அதைவிடப் பெரிய வில்லங்கம் சேவல் விஷயத்தில் வந்தது. ஒரு சண்டைப் படத்தில் அடிபட்டுச் சாகிற வேதகிரி, கண் மூடுவதற்கு முன்னால், அந்தக் காணாமற்போன சேவலைக் குழம்பு வைத்தது மில் மேஸ்திரி ஏகாம்பரம்தான், நான் என் கண்ணால் இறகைப் பார்த்தேன், என்று சொல்லிவிட்டுச் செத்தான். சேவலுக்குச் சொந்தக்காரன் கொட்டகையிலேயே எழுந்து ஏகாம்பரத்தின் சட்டையைப் பிடித்தான். பெரியவர்கள் ஞாயிற்றுக்கிழமை வேப்பமரத்தடியில் கூடி, நாள் முழுக்கப் பேசி, கடைசியில் ஒரு முடிவுக்கு வந்தார்கள்: யாரும் கேட்கவில்லை என்று நம்பி ஒரு மனுஷன் பேசியது மனசுக்குள் நினைத்ததற்குச் சமானம், மனசில் நினைத்ததைச் சாட்சியாக எடுத்துக்கொண்டால் இந்த ஊரில் ஒரு குடும்பமும் மிஞ்சாது, ஆகையால் வேதகிரி படத்தில் சொன்னதை எல்லாரும் கேட்கலாம், யாரும் அதை வைத்து வழக்குப் பேசக் கூடாது. ஏகாம்பரம் மட்டும் அன்றைக்குச் சாயங்காலம் சேவல்காரன் வீட்டுக்கு ஒரு கோழியைக் கொண்டுபோய்க் கட்டிவிட்டு வந்தான்.

வேதகிரி கொட்டகைப் பக்கமே தலைவைத்துப் படுக்கவில்லை. விறகுத் தொட்டிக்குச் சுற்றுவழியில் போனான், சுற்றுவழியில் வந்தான். இந்தக் குரலைப் பற்றிக் கேள்விப்பட்டு ஒரு டாக்கிக் கம்பெனி மானேஜர் காரிலேயே வந்து, கீழ்ப்பாக்கத்து ஸ்டுடியோவுக்கு அவனை அழைத்துக்கொண்டு போனார். பட்டுக் கச்சை கட்டி, கிரீடம் வைத்து, தலைக்குமேல் மைக்கைத் தொங்கவிட்டு, பேசு என்றார்கள். அவன் அண்ணாந்து அதைப் பார்த்தான். பார்த்தபடியே நின்றான். வேர்வையில் முகச்சாயம் கரைந்து கழுத்துக்கு வந்தது, பொழுது சாய்ந்தது, ஒரு சொல் வரவில்லை. நடந்தே வீடு திரும்பியவனை வழியில் மடக்கி, என்னய்யா ஆச்சு, இப்படி ஒரு சான்ஸை விட்டுட்டு வரியே, என்று அருளப்பன் கேட்டதற்கு அவன் சொன்னது இவ்வளவுதான்:

"அதுக்குக் காது இருக்குது, அருளப்பா."

பவுனம்மாள் பக்கத்து வீட்டு ரங்கம்மா இழுத்த இழுப்புக்கு ஒரு நாள் கொட்டகைக்குப் போனாள். பெண்கள் பக்கத்தில் தட்டிக்கு ஓரமாக உட்கார்ந்தாள். படத்தில் அவன் ஒரு கோட்டைக்கு வெளியே காவல் நின்றான். ராஜா தேரில் போனார். அவன் தலை வணங்கினான். வணங்கியபடியே, நேற்று பவுனு வைத்த காரக்குழம்பு நல்லா இருந்தது, சொல்லணும்னு நினைச்சேன், சொல்லலை, என்றான். பக்கத்தில் இருந்த பெண்கள் அவள் தோளை இடித்தார்கள், சிலர் தங்கள் ஆம்பிளைகளும் எங்கே போய் எதனிடம் இப்படிப் பேசுகிறார்களோ என்று பெருமூச்சு விட்டார்கள். பவுனம்மாளுக்கு உருகவில்லை. பற்றிக்கொண்டு வந்தது. மரமும் இரும்புமாகச் செய்து மூன்று கால் போட்டு நிறுத்திய ஒரு பெட்டியிடம் சொல்ல முடிந்ததை, பக்கத்தில் கிடந்த தன்னிடம் சொல்வதற்கு என்ன கேடு வந்தது என்று அவள் நெஞ்சு கொதித்தது. அந்தக் கொதிப்போடுதான் அவளுக்கு இன்னொன்றும் தோன்றியது. குழந்தை செத்த அன்றைக்கும் இவன் ஷூட்டிங் போனானே, அன்றைக்கு என்ன பேசியிருப்பான்?

குழந்தையின் பேர் மரகதம். காய்ச்சல் வந்து, இறங்காமல், ராத்திரி ராத்திரியாக இரண்டு பேரும் மாற்றி மாற்றி மடியில் வைத்துக்கொண்டிருந்தார்கள். கடைசி ராத்திரி பவுனம்மாள் உட்கார்ந்தபடியே அசந்துவிட்டாள். விடிந்து கண் விழித்தபோது வேதகிரி குழந்தையைப் பாயில் போர்த்திப் படுக்கவைத்துவிட்டுச் சட்டை மாட்டிக்கொண்டிருந்தான். கம்பெனி வண்டி சந்து முனையில் நின்றது. தூங்குது, எழுப்பாதே, என்று சொல்லிவிட்டுப் போய்விட்டான். நல்லவேளை, காய்ச்சல் விட்டுத்தான் தூங்குகிறது என்று நினைத்துக்கொண்டு, விழித்தால் குடிக்கத் தண்ணீர் கேட்கும் என்று குடத்தை எடுத்துக்கொண்டு அவள் குழாயடிக்குப் போனாள். அங்கே முறை யாருடையது என்பதில் ஒருத்தியோடு சண்டை. பவுனம்மாள் விட்டுக்கொடுக்கிற ஆளா? அவளும் கத்தி, இவளும் கத்தி, குடம் உருண்டு, வெயில் ஏறிப்போயிற்று. ஜெயித்து, தண்ணீர் பிடித்துக்கொண்டு வந்து குழந்தையின் நெற்றியைத் தொட்டபோது கை சில்லிட்டது.

தான் குழாயடியில் தொண்டை கிழியக் கத்திக்கொண்டிருந்த நேரத்தில் குழந்தை விழித்து, தண்ணீர் கேட்டு, கொடுக்க ஆளில்லாமல், நாக்கு வறண்டு, தனியாகச் செத்தது என்று அவள் நம்பினாள். அதை அவள் ஒரு ஜீவனிடமும் சொன்னதில்லை. சொல்லாததால் அது அவளுக்குள் வளர்ந்தது. ஒவ்வொரு காலையும் குழாயைப் பார்க்கும்போது அந்த வறண்ட வாய்தான் முன்னால் வரும், உடனே நீ பிடி, நீ பிடி என்று பின்னால் நகர்ந்துவிடுவாள். அன்றைக்குச் சாயங்காலம் பாதி அழித்த வேஷத்தோடு ஓடிவந்த வேதகிரி ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை, ஒரு வார்த்தை சொல்லவில்லை, குழந்தையை இரண்டு கையில் ஏந்திக்கொண்டு சுடுகாட்டுக்குப் போய்விட்டான். கல்மனசுக்காரன் என்று தெரு சொன்னது. அவளும் அப்படித்தான் நினைத்தாள்.

மறுநாள் காலையில் அவள் நேரே முதலியாரிடம் போனாள். அன்றைக்கு எடுத்த படத்தின் பேர் வண்டிக்காரன் வாயால் கேட்டு அவளுக்கு மறக்காமல் இருந்தது: கனகபுரி மகுடம். அந்தப் படம் கொட்டகைக்கு வர வேண்டும் என்றாள். ஏன் என்று முதலியார் கேட்டதற்கு ஒளிக்காமல் சொன்னாள்.

"எம்பொண்ணு செத்த அன்னிக்கி இந்தாளு அதுல பேசியிருக்குது. அன்னிக்கும் கத்திரிக்கா வெலைதான் பேசியிருந்தா, அந்த வூட்ல இனிமே நான் ஒல வெக்க மாட்டேன். வாலாஜாவுல எங்கண்ணன் இருக்கான்."

சாயங்காலத்துக்குள் அது சூளை முழுக்கத் தெரிந்துவிட்டது. தெரிந்ததும் ஊர் அதைத் தன் வீட்டு விவகாரமாக எடுத்துக்கொண்டது. அந்தப் படம் எடுத்த கம்பெனி மூடிப்போய், பிரதிகள் எல்லாம் வால்டாக்ஸ் ரோட்டில் ஒரு வியாபாரியிடம் எடைக்குப் போயிருந்தன. அவன் பழைய பிலிமை வெந்நீர்த் தொட்டியில் போட்டு, மேலே உள்ள படத்தையெல்லாம் கழுவிவிட்டு, வெறும் தகடாக்கிச் சீப்பும் வளையலும் செய்கிறவர்களுக்கு விற்றுக்கொண்டிருந்தான். அருளப்பனும் பவுனம்மாளும் போய்ச் சேர்ந்தபோது கனகபுரி மகுடத்தின் முன்பாதி தொட்டிக்குள் போய்விட்டிருந்தது. மிச்சம் இருந்த டப்பாக்கள் துருவேறிக் கிடந்தன. வேதகிரி வருகிற இடம் கழுவின பாதியிலா கழுவாத பாதியிலா என்று யாருக்கும் தெரியாது. தொட்டியில் மிதந்த கறுப்பு நுரையைப் பார்த்துவிட்டுப் பவுனம்மாள் மிச்ச டப்பாக்களை முந்தானையில் கட்டித் தலையில் வைத்துக்கொண்டு வந்தாள். யார் கேட்டும் அதை இறக்கிக் கொடுக்கவில்லை.

வேதகிரி கேள்விப்பட்டான். கேள்விப்பட்டதும் விறகுத் தொட்டியில் கோடாலியைப் போட்டுவிட்டு முதலியார் முன்னால் வந்து நின்றான். முகத்தில் ஈயாடவில்லை. முதலியார் கணக்குப்பிள்ளையை வெளியே போகச் சொல்லிவிட்டு, அவன் தோளில் கையை வைத்தார்.

"வேணாம்னு நீ வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொல்லு, வேதகிரி. நிறுத்திடறேன். அந்தப் பொம்பளை என்னை மண்ணை வாரித் தூத்தினாலும் பரவாயில்லை."

வேதகிரியின் வாய் திறந்தது. மில் சங்கு ஊதி, ஆட்கள் சாப்பாட்டுக்குப் போய், சாப்பிட்டுத் திரும்பினார்கள். அவன் அப்படியே நின்றான். பிறகு கும்பிட்டுவிட்டுப் போய்விட்டான்.

படம் போட்ட அன்றைக்குக் கொட்டகையில் கடலை விற்கிறவன்கூட விற்கவில்லை. இடம் கிடைக்காதவர்கள் வெளியே படுதாவை ஒட்டி நின்றார்கள். பவுனம்மாள் பெண்கள் பக்கத்தில் நடுவில் உட்கார்ந்தாள், ரங்கம்மா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். படம் தலையில்லாமல் பாதியில் ஆரம்பித்தது: யாரோ ஒரு ராணி சிறையில் அழுதாள், யாரோ ஒருவன் சுவரேறிக் குதித்தான். அருளப்பன் எழுத்து வரும்போதெல்லாம் படித்தான், ஆனால் வழக்கமாகத் தன் கைச்சரக்கைச் சேர்ப்பானே, அது ஒன்றும் சேர்க்கவில்லை. ஒரு டப்பா முடிந்தது, அவன் வரவில்லை. இன்னொன்று முடிந்தது, வரவில்லை. கழுவின பாதியோடு போய்விட்டது போலிருக்கிறது என்று ஆண்கள் பக்கத்தில் யாரோ மெதுவாகச் சொன்னார்கள். கத்தரிக்காய் விலையாகவே இருந்தாலும் பரவாயில்லை, அவன் வந்து எதையாவது சொன்னால் போதும் என்று பவுனம்மாள் வேண்டிக்கொண்டாள்.

கடைசி டப்பாவில் ராஜசபை வந்தது. பெரிய கதவு திறந்தது. ஈட்டியும் கவசமுமாக வாயிற்காவலன் ஓடிவந்து ராஜாவுக்கு முன்னால் மண்டியிட்டான். அவன் முகம் திரை கொள்ளாமல் நிறைந்தது. காவல்காரன் முகத்தை இவ்வளவு பெரிதாக எந்தப் படத்திலும் காட்டமாட்டார்கள்; அன்றைக்கு அவன் முகத்தைப் பார்த்த டைரக்டர், என்ன நடிப்புடா இது, என்று காமிராவைப் பக்கத்தில் தள்ளிக்கொண்டு போய் வைத்திருக்க வேண்டும். பகைவர் படை கோட்டையை நெருங்கிவிட்டது மகாராஜா என்று எழுத்து வந்தது. அருளப்பன் அதைப் படிக்கவில்லை. மணல் கலந்த மாதிரி கரகரத்த அந்தக் குரல் வந்தது.

"விடியறதுக்கு முன்னாடியே புள்ள பூட்டா. எம்மடியிலதான் பூட்டா. அவங்கம்மா எதுத்தாப்புல செவுத்துல சாஞ்சி தூங்கறா. ராத்திரியெல்லாம் முழிச்சிருந்தவ, அப்பதான் அசந்தா. எழுப்பலாம்னு கைய நீட்டினேன். கை போகலை. இன்னும் கொஞ்ச நேரம் புள்ள உசிரோட இருக்கிறவளா தூங்கட்டும்னு உட்டுட்டேன். அப்புறம் எழுந்தா. எழுந்து எம்மூஞ்சியப் பாத்தா. நான் தூங்குதுன்னு சொல்லிட்டேன். பொய் சொல்லிட்டு ஓடியாந்துட்டேன். இப்ப வூட்ல பொணத்துகிட்ட குந்திகினு ஈ ஓட்டிகினு இருப்பா, எழுந்திரிக்கும்னு நெனச்சிகினு இருப்பா. நான் இங்க வந்து ஈட்டியப் புடிச்சிகினு நிக்கறேன். எப்படிப் போயி சொல்லுவேன். எவன்கிட்ட சொல்லுவேன்."

ராஜா சிம்மாசனத்திலிருந்து எழுந்து, வாளை உருவி, போருக்குப் புறப்படும்படி கட்டளை இட்டார். அவர் வாய் ஒன்று, இரண்டு, மூன்று என்று அசைந்தது. வாயிற்காவலன் எழுந்து ஓடினான். அதற்குப் பிறகு சண்டை நடந்ததா, யார் ஜெயித்தார்கள் என்பதெல்லாம் சூளையில் ஒருத்தருக்கும் ஞாபகம் இல்லை. ஆண்கள் பக்கத்தில் சேவல் தின்ற ஏகாம்பரம் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினான். பவுனம்மாள் மட்டும் ஆடாமல் அசையாமல் இருந்தாள். விடியறதுக்கு முன்னாடியே என்று அவள் உதடு சொல்லிப் பார்த்தது. மடியில் என்று சொல்லிப் பார்த்தது. அவள் குடத்தைத் தூக்குவதற்கு முன்னால், சந்தைத் தாண்டுவதற்கு முன்னால், குழாயடியில் முதல் வார்த்தை பேசுவதற்கு முன்னாலேயே எல்லாம் முடிந்துபோயிருக்கிறது. தனியாகப் போகவில்லை. இத்தனை வருஷமாக உள்ளே தின்றுகொண்டிருந்ததில் பாதி அவளை விட்டு இறங்கியது. மிச்சப் பாதி இறங்கவில்லை.

அவள் எழுந்தாள். பெண்கள் காலை மடக்கி வழி விட்டார்கள். கொட்டகைக்கு வெளியே, படுதாவை இழுத்துக் கட்டிய முளைக்குப் பக்கத்தில், கூட்டத்தை விட்டு ஒதுங்கி வேதகிரி நின்றுகொண்டிருந்தான். உள்ளே வராமல் அங்கேயே நின்று எல்லாவற்றையும் கேட்டிருக்கிறான். முளைக் கயிற்றைக் கையில் பிடித்திருந்தான். அவளைப் பார்த்ததும் ஓடிவிடுவான் என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள், ஆனால் அவன் ஓடவில்லை. சுற்றி நின்றவர்கள் தாமாகவே விலகி அப்பால் போனார்கள். உள்ளே மெஷினும் நின்றது.

பவுனம்மாள் அவன் எதிரில் போய் நின்றாள். ஏன் எழுப்பலை என்று கேட்கவில்லை, ஏன் பொய் சொன்னே என்று கேட்கவில்லை. அதையெல்லாம் கேட்க இன்னும் ஆயுசு கிடந்தது. அவளுக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான்.

"தண்ணி கேட்டாளா?" என்றாள்.

அவன் வாயைத் திறந்தான். மூடினான். அங்கே காமிரா இல்லை. இரண்டு காதும் தீயாக எரிய ஒரு பெண்பிள்ளை எதிரில் நின்றாள். அவன் தரையைப் பார்த்தான், கயிற்றைப் பார்த்தான், அவளைப் பார்த்தான். அவள் அசையவில்லை, அவசரப்படுத்தவும் இல்லை. குழாயடியில் மற்றவர்களுக்கு விட்டுவிட்டு நிற்பாளே, அப்படியே நின்றாள். பிறகு அந்தக் கரகரத்த குரல், இந்தத் தடவை பக்கத்தில் நிற்பவளுக்கு மட்டும் கேட்கிற அளவுக்குச் சின்னதாக வந்தது.

"கேட்டா. சொம்புல இருந்துச்சி. குடுத்தேன், குடிச்சா. குடிச்சிட்டு, அம்மா தூங்குதான்னு கேட்டா. ஆமான்னேன்."

பவுனம்மாள் முளையைப் பிடித்துக்கொண்டு அப்படியே மணலில் உட்கார்ந்தாள். உட்கார்ந்து, குழந்தை போன அன்றைக்கு அழுததையும்விடப் பெரிதாக, வாய்விட்டு, தெருவே கேட்க அழுதாள். அவனும் எதிரில் உட்கார்ந்தான். வெகுநேரம் கழித்து முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "இன்னும் இன்னா சொன்னா?" என்று கேட்டாள்.

வேதகிரி சொல்ல ஆரம்பித்தான்.